யாரைப் பார்த்துச் சிரிப்பது?



கலைவாணர் என். எஸ். கிருஷ்ணனைப் பற்றி மேடை போட்டுப் பேசுகிறவர்கள் எல்லோரும் ஒரே கதையைத்தான் சொல்லுகிறார்கள். வாரி வாரிக் கொடுத்தார். வந்தவன் யாரென்று பாராமல் கொடுத்தார். கடைசியில் தனக்கென்று ஒன்றுமில்லாமல் கண் மூடினார். இதைச் சொல்லிவிட்டு கண்ணைத் துடைத்துக் கொள்ளுகிறார்கள். படத்துக்கு மாலை போடுகிறார்கள். காரில் ஏறிப் போகிறார்கள்.

கொடுத்தார் என்பது மெய்தான். ஆனால் கொடுத்ததைச் சொல்லுகிறவர்கள், அவர் பேசியதை ஏன் சொல்லுவதில்லை? யாரைக் கேலி செய்தார் என்பதை ஏன் மறைக்கிறார்கள்? கைதான் தெரிகிறதா? வாய் தெரியவில்லையா?

இதை எழுத வேண்டும் என்று தோன்றியது அரூர்ப் பக்கத்தில் ஒரு கரும்புத் தோட்டத்தில். வெட்டுக் கூலிகள் பத்துப் பன்னிரண்டு பேர் மத்தியானம் புளியமரத்து நிழலில் சோறு தின்றுகொண்டிருந்தார்கள். திருப்பூர் பனியன் கம்பெனியிலிருந்து ஊருக்கு வந்திருந்த ஒரு பையனும் கூட இருந்தான். அவன் செல்போனில் ஒரு சினிமாச் சிரிப்புக் காட்சியைப் போட்டுக் காட்டினான். கறுத்த, பருத்த ஒரு பெண்ணைப் பெண் பார்க்க வந்தவன் பயந்து ஓடுகிறான். அவ்வளவுதான் காட்சி. எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன் என்பதை ஒப்புக்கொள்ளுகிறேன். அறுபது வயதுக்கு மேலான ஒரு அம்மாள் மட்டும் சிரிக்கவில்லை.

“ஏம்பா, அது கறுப்பா இருக்குது, அதுல என்னா சிரிப்பு? நானுந்தான் கறுப்பு. வெயில்ல நின்னா எல்லாரும் கறுப்புத்தான்” என்றார்.

பையனுக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. எனக்கும் தெரியவில்லை. இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லக்கூடிய மனிதர் ஒருவர் தமிழ் சினிமாவில் இருந்தார். அவர்தான் கிருஷ்ணன்.

நாலாம் வகுப்பில் நின்ற படிப்பு

1908 நவம்பர் 29ஆம் தேதி நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் ஓர் ஏழைக் குடும்பத்தில் பிறந்தார். நாலாம் வகுப்போடு படிப்பு நின்றது. வயிற்றுப்பாட்டுக்குக் கிடைத்த வேலையெல்லாம் செய்தார். வில்லுப்பாட்டு தெரியும், பிறகு டி. கே. எஸ். சகோதரர்களின் நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். நம் ஊர்ப் பையன்கள் இன்று மில்லுக்குப் போவது போல அன்று ஏழை வீட்டுப் பையன்கள் நாடகக் கம்பெனிக்குப் போனார்கள். சோறும் அங்கே, படுக்கையும் அங்கே.

அங்கிருந்து சினிமா. 1936ல் வந்த ‘சதி லீலாவதி’ அவருடைய தொடக்க காலப் படங்களில் ஒன்று. குடியால் கெட்டு, இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் கூலியாகப் போய்ச் சேரும் ஒருவனின் கதை அது. அதே ஆண்டில் அமெரிக்காவில் சார்லி சாப்ளின் ‘மாடர்ன் டைம்ஸ்’ எடுத்தார். ஆலை இயந்திரத்தில் ஆணி முடுக்கி முடுக்கிப் பைத்தியம் பிடித்த தொழிலாளியின் கதை. கிருஷ்ணனை ‘இந்தியாவின் சாப்ளின்’ என்று பத்திரிகைகள் எழுதுகின்றன. நல்லது. அந்தச் சாப்ளினுக்கு என்ன நேர்ந்தது என்பதையும் கூடவே எழுதட்டும்! கம்யூனிஸ்டு ஆதரவாளர் என்று முத்திரை குத்தி, 1952ல் அவர் லண்டனுக்குக் கப்பலேறியதும் அமெரிக்க சர்க்கார் கதவைச் சாத்தியது. சிரிப்பு எங்கே குத்துகிறது என்பது ஆளுகிறவனுக்கு நன்றாகத் தெரியும்.

சொந்தப் பட்டறை

கிருஷ்ணன் செய்த பெரிய காரியம் ஒன்றைச் சினிமாக்காரர்கள்கூட மறந்துவிட்டார்கள். அவர் பட முதலாளி எழுதிக் கொடுத்த வசனத்தை ஒப்புவிக்கும் ஆள் அல்ல. தனக்கென்று ஒரு குழு வைத்திருந்தார். 1936ல் ‘வசந்தசேனா’ படத்துக்காகப் பூனா போன வழியில் பழக்கமான டி. ஏ. மதுரம் அம்மையார் அதன் மறுபாதி. காட்சியை யோசிப்பது, எழுதுவது, பாட்டுக் கட்டுவது, நடிப்பவர்களைப் பழக்குவது, எடுப்பது எல்லாம் அந்தக் குழுவின் வேலை. முடிந்த சரக்கு படத்தோடு சேரும். படத்தின் கதை ராஜா ராணி, சாபம், வரம் என்று எங்கேயோ போய்க்கொண்டிருக்கும். நடுவில் இவர்கள் வந்து வட்டிக்காரனையும் போலிச் சாமியாரையும் தீண்டாமையையும் பற்றிப் பேசிவிட்டுப் போவார்கள். படம் பார்க்க வந்தவன் அதைத்தான் வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போனான்.

மில் தோழர்களுக்கு இது எளிதில் விளங்கும். முதலாளியின் மில்லுக்குள்ளேயே உழைப்பாளிகள் தங்கள் கையில் ஒரு பட்டறையை வைத்துக்கொண்டு, என்ன நெய்வது என்பதைத் தாங்களே முடிவு செய்தால் எப்படியிருக்கும்? அதுதான் அது.

நம் பக்கத்துக்கும் அவருக்கும் பழக்கமுண்டு. சேலம் ஏற்காடு சாலையில் இருந்த மாடர்ன் தியேட்டர்ஸ் எடுத்த ‘உத்தமபுத்திரன்’ (1940), ‘மனோன்மணி’ (1942) படங்களில் கிருஷ்ணனும் மதுரமும் நடித்தார்கள். தர்மபுரி அப்போது சேலம் ஜில்லாவில் ஒரு தாலுகா. 1965 அக்டோபர் 2ல்தான் தனி ஜில்லா ஆயிற்று.

1944 தீபாவளிக்கு ‘ஹரிதாஸ்’ வந்தது. சென்னை பிராட்வே கொட்டகையில் மூன்று தீபாவளி கண்ட படம். அந்தப் படம் ஓட ஆரம்பித்த சில வாரங்களில் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் தியாகராஜ பாகவதரையும் கிருஷ்ணனையும் பிடித்து அடைத்துவிட்டார்கள். ஜனங்கள் கொட்டகையில் கிருஷ்ணனைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தபோது கிருஷ்ணன் சிறையில் களி தின்றுகொண்டிருந்தார். 1945ல் ஆயுள் தண்டனை. லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், வழக்கு மீண்டும் விசாரிக்கப்பட்டு, 1947ல் விடுதலை. இடையில் மதுரம் அம்மையார் நாடகக் குழு நடத்தினார். வழக்குச் செலவுக்காக ‘பைத்தியக்காரன்’ படம் எடுக்கப்பட்டது. அதில் ஒரு வேஷம் போட்டவர் எம். ஜி. ராமச்சந்திரன். இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

வெளியே வந்தவர் வாயை மூடவில்லை

சிறைக்குப் போய் வந்த நடிகன் என்ன செய்வான்? நல்ல பிள்ளையாக நாலு பக்திப் படம் நடிப்பான். கிருஷ்ணன் 1949ல் ‘நல்லதம்பி’ எடுத்தார். கதை வசனம் அண்ணாதுரை, டைரக்ஷன் கிருஷ்ணன்-பஞ்சு. அதில்தான் ‘கிந்தனார்’ கதாகாலட்சேபம் வருகிறது. நந்தனார் கதை நமக்குத் தெரியும். கோயிலுக்குள் போக வேண்டுமானால் தீயில் இறங்கி வா என்று சொன்ன கதை. கிருஷ்ணனும் உடுமலை நாராயணகவியும் அதைத் தலைகீழாகப் புரட்டினார்கள். கிந்தன் சிதம்பரத்துக்கு ஏங்கவில்லை, பள்ளிக்கூடத்துக்கு ஏங்கினான். அடிபட்டு, ரயிலேறிப் பட்டணம் போய்ப் படித்து, பள்ளிக்கூடத்தைப் பார்வையிடும் அதிகாரியாகவே திரும்பி வருகிறான். ஆயிரம் சொற்பொழிவு செய்யாத வேலையை இந்த ஒரு காலட்சேபம் செய்தது. அந்தக் காலட்சேபத்தில் சிரிப்புக்கு ஆளானவன் யார்? சேரிப் பையன் அல்ல. அவனை அடித்த வாத்தியார்.

பிறகு தாமே டைரக்டராக ‘மணமகள்’ (1951), ‘பணம்’ (1952). இரண்டுக்கும் வசனம் மு. கருணாநிதி. இந்தப் பெயரையும் நினைவில் வையுங்கள். ‘மணமகள்’ பத்மினியைத் தமிழில் கதாநாயகியாக நிறுத்தியது. ‘பணம்’ சிவாஜி கணேசனுக்கு இரண்டாவது படம். வரதட்சணைக்காகப் பெண்ணைப் பந்தாடும் கதை. விசுவநாதன், ராமமூர்த்தி என்ற இரண்டு இசைத் தொழிலாளிகளைச் சேர்ந்து உட்காரவைத்து, இனிமேல் இரட்டையராகவே போடுங்கள் என்று துவக்கி வைத்ததும் அந்தப் படத்தில்தான். தணிக்கைக்காரர்களையும் கிருஷ்ணன் விடவில்லை. ‘தினா முனா கானா’ என்று ஒரு பாட்டைப் பாடிவிட்டு, அது திருக்குறள் முன்னணிக் கழகம் என்று முகத்தை வைத்துக்கொண்டு விளக்கம் சொன்னார். கொட்டகையில் யாருக்குப் புரியாது?

1951ல் சோவியத் நாட்டுக்குப் போன இந்தியத் திரைப்படக் குழுவில் அவரும் இருந்தார். அது எந்தக் காலம்? 1950 பிப்ரவரி 11ல் சேலம் சிறையில் 22 கம்யூனிஸ்டுத் தோழர்கள் சுட்டுத் தள்ளப்பட்டு, அந்த ரத்தம் காயாத காலம். சோவியத் என்ற சொல்லை உச்சரிப்பதே ஆபத்து என்று பல பெரிய மனிதர்கள் ஒதுங்கி நின்ற காலம். அந்தக் காலத்தில் அவர் போய் வந்தார்.

அவர் நம் கட்சிக்காரர் என்று உரிமை கொண்டாட நான் வரவில்லை. காந்தியைப் போற்றினார், பெரியாரோடும் அண்ணாவோடும் பழகினார், ஜீவாவின் நாஞ்சில் நாட்டுக்காரர். எல்லோரும் அவரை இழுக்கிறார்கள். 1957 தேர்தலில் காஞ்சிபுரத்தில் அண்ணாவுக்காகப் பேசப் போனவர், எதிர்த்து நின்ற டாக்டரைத்தான் நெடுநேரம் புகழ்ந்தார் என்று ஒரு கதை உண்டு. இவ்வளவு நல்ல டாக்டரைச் சட்டசபைக்கு அனுப்பிவிட்டால் உங்களுக்கு யார் வைத்தியம் பார்ப்பது என்று முடித்தாராம். திட்டாமல் தோற்கடிக்கும் வித்தை! நம் மேடைப் பேச்சாளர்கள் சிலர் இதைக் கொஞ்சம் கற்றுக்கொண்டால் கூட்டத்துக்கு ஆள் நிற்கும்.

அவரிடம் நமக்குக் குறையும் உண்டு. ‘நல்லதம்பி’யில் ஜமீன் சொத்து ஒரு நல்லவன் கைக்கு வந்து, அவன் ஏழைகளுக்கு நன்மை செய்கிறான். அந்தப் படம் வந்தபோது சென்னை சர்க்கார் ஜமீன் ஒழிப்புச் சட்டத்தை (1948) நிறைவேற்றிவிட்டது. தெலங்கானாவில் விவசாயிகள் நிலத்துக்காகத் துப்பாக்கிக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தார்கள். நிலம் நல்லவன் கொடுத்து வருவதல்ல என்பது அன்றே தெரிந்த விஷயம். அந்தத் தர்மப் பிரபுவைக் கிருஷ்ணன் திரையில் நம்பினார், வாழ்க்கையில் அவராகவே ஆகிவிட்டார். சம்பாதித்ததையெல்லாம் கொடுத்துத் தீர்த்து, 1957 ஆகஸ்டு 30ல் 48 வயதில் போய்ச் சேர்ந்தார். ‘வள்ளல், வள்ளல்’ என்று இன்று கூவுகிறவர்கள் பிடித்துக்கொண்டிருப்பது அவருடைய இந்தப் பலவீனத்தைத்தான். பலத்தை விட்டுவிட்டார்கள்.

குடியும் கலைவாணர் அரங்கமும்

எது பலம்? நம் ஜில்லாவை வைத்தே பார்ப்போம்.

1937 அக்டோபர் 1ஆம் தேதி ராஜாஜி மந்திரிசபை முதன்முதலாக மதுவிலக்கைக் கொண்டுவந்தது பழைய சேலம் ஜில்லாவில். தர்மபுரி, அரூர், கிருஷ்ணகிரி, ஓசூர் எல்லாம் அதில் அடக்கம். மரமேறிப் பிழைத்தவர்கள் பாடு என்ன ஆகும் என்று அந்தச் சட்டம் சரியாக யோசிக்கவில்லை. அதைச் சொல்லத்தான் வேண்டும். ஆனால் சந்தை நாளில் கூலி வீடு வந்து சேர்ந்தது என்று முந்திய தலைமுறைப் பெண்கள் சொல்லக் கேட்டிருக்கிறோம். யுத்த காலத்தில் வெள்ளைக்காரக் கவர்னர் ஆட்சி அதை நிறுத்தியது. 1948 அக்டோபர் 2 முதல் மாகாணம் முழுவதும் மதுவிலக்கு. நாலு மாதத்தில் ‘நல்லதம்பி’. அதில் குடியின் கேட்டைக் கிருஷ்ணன் சிரிக்கச் சிரிக்கச் சொன்னார். சட்டம் போட்ட சர்க்காரின் போலீசால் ஆகாததைச் சிரிப்பால் செய்யப் பார்த்தார்.

இப்போது நினைவில் வைக்கச் சொன்ன பெயர்களை எடுங்கள். 1971ல் மதுவிலக்கைத் தளர்த்திச் சாராயக் கடையைத் திறந்த முதலமைச்சர் யார்? ‘மணமகள்’, ‘பணம்’ படங்களுக்கு வசனம் எழுதிய கருணாநிதி. 1974ல் மூடினார், அதையும் சொல்லிவிடுவோம். 1981ல் மறுபடி திறந்து, 1983ல் டாஸ்மாக் என்ற கம்பெனியை உண்டாக்கிய முதலமைச்சர் யார்? ‘பைத்தியக்காரன்’ படத்தில் நடித்த எம். ஜி. ஆர். 2003ல் சில்லறைக் கடையையும் சர்க்காரே நடத்தும் என்று ஆக்கியது ஜெயலலிதா ஆட்சி. அவரும் சினிமாவிலிருந்து வந்தவர்தான். கட்சி மாறியது, கொடி மாறியது, கல்லாப்பெட்டி மாறவில்லை. 2023-24ல் மட்டும் டாஸ்மாக் வழியாக சர்க்காருக்குக் கிடைத்தது 45,000 கோடி ரூபாய்க்கு மேல். அது பெரிய பங்களாக்காரன் குடித்த பணமா? மூட்டை தூக்குகிறவனும் சித்தாள் வீட்டுக்காரனும் கொடுத்த பணம். 2024 ஜூனில் பக்கத்துக் கள்ளக்குறிச்சியில் விஷச் சாராயம் குடித்து 60 பேருக்கு மேல் செத்தார்களே, அவர்களில் கூலிக்காரர்கள் எத்தனை பேர் என்று எண்ணிப் பாருங்கள்.

இதைவிடப் பெரிய நையாண்டியைக் கிருஷ்ணனே எழுதியிருக்க முடியாது. சென்னை வாலாஜா சாலையில் அவர் பெயரில் சர்க்கார் கட்டிய கலைவாணர் அரங்கம் இருக்கிறது. கொரோனா காலத்தில் சட்டசபை அங்கேதான் கூடியது. 2021 ஆகஸ்டு 13ல் வரவு செலவுத் திட்டத்தை அங்கேதான் வாசித்தார்கள். குடிக்காதே என்று சொன்னவரின் பெயர் வாசலில். குடித்தவனிடமிருந்து வந்த வருமானம் உள்ளே கணக்கில்!

“சிரிக்க விடுங்களேன்” என்பவர்களுக்கு

“எல்லாவற்றிலும் அரசியலா? பத்து மணி நேரம் உழைத்துவிட்டு வருகிறவன் சற்று நேரம் சிரிக்கட்டும், விடுங்கள்” என்கிறார்கள் சினிமா முதலாளிகளின் வக்கீல்கள்.

தாராளமாகச் சிரிக்கட்டும். கிருஷ்ணனைவிட ஜனங்களை அதிகமாகச் சிரிக்க வைத்தவன் உங்களில் யார்? 1956ல் ‘ராஜா ராணி’ படத்தில் சிரிப்பிலே எத்தனை ரகம் உண்டு என்று ஒரு பாட்டு முழுக்கச் சிரித்துக் காட்டினாரே, அதைக் கேட்டு இன்றைக்கும் குழந்தைகள் சிரிக்கின்றன. 1955ல் ‘முதல் தேதி’யில் சம்பள நாள் சந்தோஷத்தையும் மாதக் கடைசி முகத்தையும் பாடினாரே, எந்த மில் தொழிலாளி அதைக் கேட்டு அழுதான்? சிரித்தான். தன் பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டே சிரித்தான். இன்னொரு பாட்டில், பட்டனைத் தட்டினால் இட்லி வந்து விழும் இயந்திரம் வேண்டும் என்று மதுரத்தோடு சேர்ந்து கனவு கண்டார். அடுப்படியில் வேகிற பெண்ணுக்கு விஞ்ஞானம் உதவ வேண்டும் என்ற கனவு. மாவாட்டும் இயந்திரம் வந்துவிட்டது. அதன் பட்டனைத் தட்டுவது மட்டும் இன்றும் பெண்ணின் வேலையாகவே இருக்கிறது. இதை வைத்து ஒரு காட்சி எழுத இன்றைய சிரிப்பு டைரக்டர்களுக்கு வக்கில்லை.

அவர்கள் எழுதுவது என்ன? வேலைக்காரனை அறைந்தால் சிரிப்பு. திக்குவாய்க்காரன் பேசினால் சிரிப்பு. கறுத்த பெண் பவுடர் பூசினால் சிரிப்பு. கிராமத்தான் பட்டணத்தில் வழி கேட்டால் சிரிப்பு. கதாநாயகனும் தோழனும் டாஸ்மாக் மேஜையில் உட்கார்ந்து குடித்தால் அது பத்து நிமிஷச் சிரிப்பு. கீழே எச்சரிக்கை வாசகம் ஓடும், அதுவும் ஒரு சிரிப்பு. இந்த டைரக்டர்கள் திறமையில்லாதவர்கள் என்று சொல்லமாட்டேன். பேய்ப் படம் எடுப்பார்கள், காதல் படம் எடுப்பார்கள், அடிதடி எடுப்பார்கள். சகலகலா வல்லவர்கள். டிக்கெட் வாங்கி உள்ளே வந்தவனையே அடித்து, அவனையே கைதட்ட வைக்கிறார்களே, அதற்கும் திறமை வேண்டும்தான். பெண்ணாகரத்திலிருந்து பெங்களூருக்குக் கட்டட வேலைக்குப் போகிற சித்தாள் ஒரு நாள் கூலியில் பாதியைக் கொடுத்து டிக்கெட் வாங்குகிறாள். உள்ளே திரையில் சித்தாள் வேஷத்தில் வருகிறவளை எல்லோரும் கேலி செய்கிறார்கள்.

வட்டிக்காரன் எங்கே? ஆளுக்கு இவ்வளவு என்று முன்பணம் கொடுத்துப் பையன்களை அள்ளிக்கொண்டு போகும் ஏஜெண்டு எங்கே? கரும்பு வெட்டி மாதக்கணக்கானாலும் பணம் வராதபோது ‘நாளைக்கு வா’ என்கிற ஆபீசர் எங்கே? சாதிச் சங்கத் தலைவர் எங்கே? அவர்கள் ஒருவரையும் பார்த்துச் சிரிக்க இந்தப் படங்களில் இடமில்லை. பைனான்சு கொடுக்கிறவனைப் பார்த்து எவன் சிரிப்பான்!

அரூர்ப் புளியமரத்துக்குத் திரும்புவோம். நான் அந்தப் பையனிடம் செல்போனை வாங்கி ‘கிந்தனார்’ காலட்சேபத்தைத் தேடிப் போட்டேன். கறுப்பு வெள்ளை, கீறல் சத்தம். இளைஞர்கள் இரண்டு பேர் சலிப்பாக எழுந்து தண்ணீர் குடிக்கப் போனார்கள். அந்த அம்மாள் நகர்ந்து பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். கிந்தன் அடி வாங்கும் இடத்தில் உதட்டைக் கடித்துக்கொண்டார். ரயில் வந்ததும் சிரித்தார். பையனும் செல்போன் பக்கம் குனிந்தான்.

“அதிகாரியா திரும்பி வந்தானே, அந்த வாத்தியாரை என்னா பண்ணான் தோழர்?”

அதற்குள் லோடு ஏற்ற டிராக்டர் வந்துவிட்டது. மேஸ்திரி சத்தம் போட்டார். அம்மாள் கத்தியை எடுத்துக்கொண்டு எழுந்தார். “சாயங்காலம் மீதியைப் போட்டுக் காட்டுடா” என்று பையனிடம் சொல்லிவிட்டுப் போனார்.